துப்பாயா கதையில் தமிழ் மாலுமியை நுழைக்கச் சொல்கிறார் தயாரிப்பாளர்: என்ன செய்யலாம்?

பாலக்கோட்டுக் கதைக்காரன் எழுதியது:

கடல் வரலாறு படிப்பவர்களும் திரைக்கதை எழுதுபவர்களும் இக்குழுவில் இருப்பதால் இங்கே கேட்கிறேன். கேள்வி நீளமானது. முழுவதும் படித்துவிட்டுத் திட்டுங்கள்.

பகலில் பாலக்கோட்டுத் தக்காளி மண்டி ஒன்றில் கணக்கு எழுதுகிறேன், இரவில் திரைக்கதை எழுதுகிறேன். தருமபுரி மாவட்டத்துக்குக் கடல் கிடையாது. எனக்குத் தெரிந்த நீர்ப்பயணம் ஒகேனக்கல் பரிசலோடு முடிந்துவிடுகிறது. இப்படிப்பட்டவனுக்குப் பசிபிக் பெருங்கடல் மீது என்ன பைத்தியம் என்று வீட்டில் கேட்கிறார்கள். எல்லாவற்றுக்கும் காரணம் ஒரே ஆள்: துப்பாயா.

பசிபிக் நடுவே தஹிதித் தீவுக்கு அருகிலுள்ள ராயாத்தேயா தீவில் பிறந்தவர். பூசாரி, கடலோடி, அரசியல் சூட்சுமம் தெரிந்தவர். அத்தீவிலுள்ள தபுதபுவாத்தேயா என்ற வழிபாட்டு வளாகம் அந்தப் பக்கத்துத் தீவு மக்களான பாலினீசியர்களுக்கு மிகவும் புனிதமானது. 2017இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. போரா போரா தீவிலிருந்து படை வந்து ஊரைப் பிடித்துக்கொண்டபோது துப்பாயா காயத்தோடு தஹிதிக்குத் தப்பினார். 1769இல் ஆங்கிலேயக் கடலோடி ஜேம்ஸ் குக்கின் எண்டெவர் கப்பல் தஹிதியிலிருந்து கிளம்பியபோது தாமே விரும்பி அதில் ஏறினார். குக் தயங்கினார், கப்பலில் இருந்த பணக்கார இயற்கையியலாளர் ஜோசப் பேங்க்ஸ் பொறுப்பை ஏற்றுக்கொண்டார். என் அண்டை வீட்டார் சிலர் அதிகச் செலவில் சிங்கமும் புலியும் வளர்க்கிறார்களே, நான் இவரை ஒரு வேடிக்கைப் பொருளாக வைத்துக்கொண்டால் என்ன என்ற பொருளில் பேங்க்ஸ் தம் நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். என் முதல் காட்சி அந்த வரிதான். மேசையில் ஒருவர் மையைத் தொட்டு எழுதிக்கொண்டிருக்கிறார். அவர் யாரைப் பற்றி எழுதுகிறாரோ அவர் மேல்தளத்தில் நின்று, கப்பல் போகவேண்டிய திசையை மாலுமிகளுக்குக் கையால் காட்டிக்கொண்டிருக்கிறார்.

எழுபத்து நான்கு தீவுகளைக் குறித்த ஒரு வரைபடம் துப்பாயாவின் அறிவிலிருந்து உருவானது. அதன் பிரதி இன்றும் இருக்கிறது. கப்பல் எங்கே சுற்றினாலும் தஹிதி எந்தத் திசையில் இருக்கிறது என்று அவரால் காட்ட முடிந்தது. 1769 அக்டோபரில் நியூசிலாந்துக் கரையை அடைந்தார்கள். அந்நாட்டுப் பூர்வகுடிகளான மாவோரியர் பேசியது அவருக்குப் புரிந்தது, அவர் பேசியது அவர்களுக்குப் புரிந்தது. கப்பலுக்குத் தலைவர் இவர்தான் என்றே அவர்களில் பலர் நினைத்தார்கள். சில ஆண்டுகள் கழித்துக் குக் மறுபடி வந்தபோது துப்பாயா எங்கே என்று கேட்டு, இறந்துவிட்டார் என்று தெரிந்ததும் அழுதிருக்கிறார்கள். அவர் இறந்தது 1770 டிசம்பரில், இன்று ஜகார்த்தா என்று வழங்கும் பட்டாவியாவில். உடன் வந்த தாயாத்தா என்ற சிறுவன் அவருக்குச் சற்று முன்பு இறந்தான்.

இதை ஆறு பகுதி இணையத் தொடராக எழுதி, சென்னையில் ஒரு சிறு நிறுவனத்திடம் ஒன்லைனைச் சொன்னேன். தயாரிப்பாளருக்குப் பிடித்துவிட்டது. பிடித்ததுதான் தொல்லை. மறுவாரமே கூப்பிட்டு மூன்று விருப்பங்களைச் சொன்னார். நியூசிலாந்தில் ஒரு தமிழ் மணி கிடைத்ததாமே, ஆகவே கப்பலில் ஒரு தமிழ் மாலுமி இருக்கட்டும். நட்சத்திரம் பார்த்துக் கப்பல் செலுத்தத் துப்பாயாவுக்குக் கற்றுக்கொடுப்பவனே அவன்தான் என்று வைத்துக்கொள்ளலாம். நடிகர்களை எல்லாம் இங்கேயே பிடித்துக்கொள்ளலாம். முகத்திலும் உடம்பிலும் பச்சை வரைந்துவிட்டால் யாருக்குத் தெரியப்போகிறது. மூன்றாவதாக, நியூசிலாந்து ரக்பி வீரர்கள் ஆடுவார்களே, மாவோரியரின் அந்த ஹாக்கா ஆட்டம் இரண்டாம் பகுதியின் முடிவில் கட்டாயம் வேண்டும்.

எனக்கு மூன்றுமே உறுத்துகிறது. ஏன் என்று அவருக்குப் புரியும்படி சொல்லத்தான் தெரியவில்லை. "கதைதானே தம்பி" என்ற ஒரே பதிலில் என்னை உட்கார வைத்துவிடுகிறார்.

தமிழ்ப் பாத்திரம் ஒன்றைப் பொய்யில்லாமல் வைக்க வழி உண்டா? இந்தக் கதைக்கு யாரிடம் கேட்க வேண்டும், எப்படிக் கேட்பது? ஊர் எல்லையைத் தாண்டினால் வழி கேட்கும் எனக்கு இதை எழுத உரிமை உண்டா என்பதையும் யாராவது முகத்துக்கு நேரே சொல்லிவிடுங்கள்.

ஓசூர் டீச்சர் எழுதியது:

தம்பி, முதலில் அந்த மணியைப் பார்த்துவிடுவோம். உங்கள் தயாரிப்பாளர் அதை வைத்துத்தான் அடிக்கிறார்.

1836 வாக்கில் நியூசிலாந்தின் வடபகுதியில், ஃபாங்காரே அருகே ஒரு மாவோரிக் குடியிருப்பில் வில்லியம் கொலென்ஸோ என்ற பாதிரியார் அதைப் பார்த்தார். பெண்கள் அதில் உருளைக்கிழங்கு வேகவைத்துக்கொண்டிருந்தார்கள். புயலில் சாய்ந்த ஒரு பெரிய மரத்தின் வேர்களுக்கு அடியில் கிடைத்தது என்றார்கள். ஓர் இரும்புப் பானையைக் கொடுத்துவிட்டு அதை வாங்கிக்கொண்டார். இன்று வெலிங்டனில் தே பாப்பா அருங்காட்சியகத்தில் இருக்கிறது. அடிப்பகுதி உடைந்துபோன சிறிய வெண்கல மணி, கையில் அடங்கிவிடும். சுற்றிலும் தமிழ் எழுத்து. முகைதீன் பக்ஸ் என்பவருடைய கப்பலின் மணி என்பது அந்த வாசகத்தின் பொருள்.

சோழன் நியூசிலாந்தைக் கண்டுபிடித்தான் என்று மணியின் படத்தோடு வரும் செய்திகளை நானும் பார்க்கிறேன். அவற்றில் அந்தப் பெயர் மட்டும் வருவதே இல்லை. மணிக்குச் சொந்தக்காரர் ஒரு முஸ்லிம் கப்பல் முதலாளி. அவர் கப்பல் அங்கே போனதா, ஆளில்லாமல் மிதந்து ஒதுங்கியதா, கைமாறிக் கைமாறி மணி மட்டும் போய்ச் சேர்ந்ததா என்று எவரும் நிறுவவில்லை. இந்தப் பெருமைக்காரர்கள் முகைதீன் பக்ஸிடமிருந்து மணியைப் பிடுங்கி ராஜேந்திரன் கையில் கொடுத்துவிட்டார்கள். துப்பாயாவிடமிருந்து வானத்தைப் பிடுங்கி நம் மாலுமி கையில் கொடுப்பது அதற்கு அடுத்த படி.

இதில் உங்கள் தயாரிப்பாளர் முதல் ஆளும் அல்ல. 1947இல் தோர் ஹெயர்டால் என்ற நார்வேக்காரர் பால்சா மரத்தெப்பம் ஒன்றில் பெருவிலிருந்து புறப்பட்டு 101 நாள் மிதந்து துவாமோத்துத் தீவுக்கூட்டத்தில் ஒரு பவளத்திட்டில் மோதி நின்றார். அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவர்கள்தான் பாலினீசியாவில் முதலில் குடியேறினார்கள், அதிலும் தாடி வைத்த வெள்ளைத் தோல் மக்கள் தலைமையேற்று வந்தார்கள் என்பது அவர் கட்சி. 1950களில் ஆண்ட்ரூ ஷார்ப் என்ற நியூசிலாந்துக்காரர் வேறு விதமாகச் சொன்னார்: அவ்வளவு தூரம் திட்டமிட்டுப் போய்த் திரும்ப அவர்களால் முடியாது, காற்று தள்ளிக் கரை ஒதுங்கியவர்கள். இருவர் கணக்கிலும் அந்த மக்களுக்குச் சொந்தமாக ஒன்றும் தெரியாது.

தொல்லியலும் மொழியியலும் மரபணுவியலும் சொல்வது வேறு. அவர்கள் மேற்கிலிருந்து, தென்கிழக்கு ஆசியப் பக்கமிருந்து, தலைமுறை தலைமுறையாகத் தீவு பிடித்து வந்தவர்கள். டோங்காவையும் சமோவாவையும் ஏறக்குறைய 2,800 ஆண்டுகளுக்கு முன்பே அடைந்துவிட்டார்கள். நியூசிலாந்தில் குடியேறியது பொ.ஆ. 13ஆம் நூற்றாண்டு வாக்கில். தென் அமெரிக்கப் பயிரான சர்க்கரைவள்ளிக் கிழங்கு ஐரோப்பியர் வருமுன்பே அவர்கள் தோட்டத்தில் இருந்தது. அமெரிக்கக் கண்டத்துப் பூர்வகுடிகளோடு தொடர்பு இருந்ததற்கு மரபணுச் சான்றும் 2020இல் வந்துவிட்டது. போய்வந்த மாலுமிகள் பாலினீசியர்களாகவே இருந்திருக்கலாம் என்று பலர் கருதுகிறார்கள்.

செயலில் காட்டிய பதிலும் ஒன்று உண்டு. 1976இல் ஹோக்குலேயா என்ற இரட்டைப் படகு ஹவாயிலிருந்து தஹிதிக்குத் திசைகாட்டியோ வரைபடமோ இல்லாமல் சுமார் நாலாயிரம் கிலோமீட்டர் போனது. வழி நடத்தியவர் மாவ் பியாய்லுக். அவர் ஹவாய்க்காரர் அல்லர். மைக்ரோனீசியாவில் சத்தவால் என்ற குட்டித் தீவைச் சேர்ந்தவர். ஹவாயில் அந்தக் கலை தெரிந்தவர் ஒருவரும் மிஞ்சியிருக்கவில்லை. தஹிதியின் பப்பேத்தே துறைமுகத்தில் பதினேழாயிரம் பேருக்கு மேல் கூடி வரவேற்றார்கள். படகில் இருந்தவர்களுக்குள் நடந்த சண்டை கைகலப்பு வரை போய், மனம் கசந்த மாவ் தஹிதியிலிருந்தே தம் ஊருக்குப் போய்விட்டார் என்பதும் வரலாறு. பிறகு மனம் மாறி ஹவாய்க்குத் திரும்பி வந்து கற்றுக்கொடுத்தார். 1980இல் நைனோவா தாம்சன் என்ற ஹவாய்க்காரர் கருவியில்லாமல் தஹிதிக்குப் போய்த் திரும்பினார். இதை நீங்கள் படமாக எடுக்க வேண்டும் என்று சொல்லவில்லை. நாடகம் வேண்டும் என்பவருக்கு அவர்கள் வரலாற்றிலேயே கொள்ளை கொள்ளையாக இருக்கிறது என்கிறேன்.

தமிழ்ப் பாத்திரம் வைத்தே ஆக வேண்டும் என்றால் பட்டாவியாவைப் பாருங்கள். எண்டெவர் பழுதுபார்க்க அங்கே 1770 அக்டோபர் முதல் டிசம்பர் வரை நின்றது. அந்நகரில் இந்திய முஸ்லிம் வணிகர்கள் குடியிருந்த பெக்கோஜான் என்ற பகுதி இருந்தது. மலாக்கா, கடாரம், அச்சே என்று அந்தக் கடல் முழுவதும் நம் மரைக்காயர்கள் துணி வியாபாரம் செய்த காலம் அது. துப்பாயா அந்தத் தெருக்களில் நடந்திருக்கிறார். ஊரைப் பார்த்து மகிழ்ந்தார், ஒவ்வொரு நாட்டாரும் அவரவர் உடையில் திரிவதைக் கண்டு தாமும் தம் தீவு உடையை அணிந்துகொண்டார் என்று பேங்க்ஸின் நாட்குறிப்பில் இருக்கிறது. ஒருநாள் முன்பின் தெரியாத ஒருவர் வீட்டிலிருந்து ஓடிவந்து, இவர் இதற்குமுன் இங்கே வந்தவர்தானே என்று கேட்டிருக்கிறார். பூகன்வில் என்ற பிரெஞ்சுத் தளபதியோடு முன்பு அவ்வழியே போன இன்னொரு தஹிதிக்காரரை மனத்தில் வைத்துக் கேட்ட கேள்வி அது. அந்தத் தெருவில் ஒரு துணிக்கடையில் தமிழ்க் கணக்குப்பிள்ளை ஒருவர் உட்கார்ந்திருந்தால் யாருக்கும் தீங்கில்லை. அவர் யாருக்கும் ஒன்றும் கற்றுக்கொடுக்க வேண்டாம். கண்ணால் பார்த்தால் போதும்.

கடாரங்கொண்டான் எழுதியது:

டீச்சர் அம்மா சொன்னதில் ஒரு சந்தேகம். ஹவாய்க்காரர்களுக்கே வெளித்தீவு ஆள்தான் சொல்லிக்கொடுத்தார் என்கிறீர்கள். அவர் சொன்னால் வரலாறு, தமிழன் சொன்னால் திருட்டா? படம் என்பது கற்பனை. ஹாலிவுட்காரன் நம் நாட்டைப் பாம்பாட்டி ஊராகக் காட்டியபோது தருமபுரி கலெக்டரிடம் அனுமதி வாங்கினானா? யாரிடமும் கேட்காமல் எழுதுங்கள் தம்பி. கேட்டுக் கேட்டு எழுதினால் அரசாங்க மனுதான் எழுத முடியும்.

ஓசூர் டீச்சர் எழுதியது:

மாவ் பியாய்லுக் இருந்தார் ஐயா. சத்தவாலில் பிறந்தார், 2010இல் இறந்தார், அவரிடம் படித்தவர்கள் இன்று கடலில் இருக்கிறார்கள். உங்கள் மாலுமி இல்லை. அவ்வளவுதான் வித்தியாசம்.

காவேரிப்பட்டணம்–ஆக்லாந்து எழுதியது:

சொந்த ஊர் காவேரிப்பட்டணம், பல வருடங்களாக ஆக்லாந்தில் இருக்கிறேன். முதியோர் இல்லத்தில் செவிலியர் வேலை. வரலாறு படித்தவள் இல்லை. இங்கே வாழ்ந்து தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

ஹாக்காவிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் உங்கள் தயாரிப்பாளரை வாயடைக்க அதுவே போதும். ரக்பி மூலம் உலகத்துக்குத் தெரிந்த 'கா மாத்தே' என்ற ஹாக்காவை இயற்றியவர் தே ரவுப்பராஹா, ங்காட்டி தோவா குலத்தின் தலைவர். இயற்றியது 1820 வாக்கில். உங்கள் கதை நடப்பது 1769இல். ஐம்பது வருடம் கழித்துப் பிறக்கப்போகும் ஒன்றைத் துப்பாயாவுக்கு முன்னால் ஆடப்போகிறீர்களா? அது மட்டுமல்ல, இதற்கென்றே 2014இல் நியூசிலாந்து நாடாளுமன்றம் தனிச் சட்டம் போட்டது. வணிக நோக்கில் பயன்படுத்தினால் அதை இயற்றியவர் இன்னார், இன்ன குலத்தின் தலைவர் என்று தெளிவாகத் தெரியும்படி சொல்லியாக வேண்டும். பணம் கேட்கவில்லை, தடை போடவில்லை. பெயரைச் சொல் என்கிறார்கள். ஹாக்கா என்பது ஒரே ஓர் ஆட்டமும் இல்லை. வரவேற்புக்கு, துக்கத்துக்கு, சவாலுக்கு என்று நூற்றுக்கணக்கில் இருக்கின்றன, ஒவ்வொன்றுக்கும் சொந்தக்காரர்கள் இருக்கிறார்கள். என் இல்லத்தில் ஒரு மாவோரிப் பாட்டி இறந்தபோது பேரன்கள் நடைபாதையில் நின்று ஆடினார்கள். அதைச் செல்பேசியில் படம் பிடிக்க ஒரு கையும் எழவில்லை.

அடுத்து அந்தப் பச்சை. மாவோரியர் முகத்தில் இருக்கும் மோக்கோ என்ற பச்சை அவரவர் வம்சாவளி. தாய்வழி, தகப்பன்வழி, குலத்தில் இருக்கும் இடம் எல்லாம் அதில் இருக்கும். இணையத்தில் ஒரு படத்தை எடுத்து நடிகர் கன்னத்தில் வரைந்தால், யாரோ ஒருவருடைய தாத்தா பாட்டியைத் தூக்கி வைத்ததாக ஆகும். தவிர துப்பாயா மாவோரி அல்லர். ராயாத்தேயாவின் பச்சை வேறு, மாவோரியருடையது வேறு. எல்லாத் தீவுக்கும் ஒரே கோடு என்பவர்கள் தீவுக்காரர்களில் யாரும் இருக்க மாட்டார்கள். 2016இல் ஒரு பெரிய அமெரிக்க நிறுவனம் தன் பாலினீசிய அனிமேஷன் படத்துக்காகப் பசிபிக் அறிஞர்களைக் கூட்டி ஆலோசனைக் குழுவே வைத்தது. பிறகு மாவுயி என்ற அவர்களுடைய புராண நாயகன் வேடத்தில் குழந்தைகளுக்கு உடை ஒன்றை விற்பனைக்கு வைத்தது. பழுப்புத் துணி முழுக்கப் பச்சை. போட்டுக்கொண்டால் இன்னொருவர் தோலையே போர்த்திக்கொண்ட மாதிரி. பெரும் எதிர்ப்பு வந்து திரும்பப் பெற்றார்கள். கதைப் பிரிவு கேட்டதைக் கடைப் பிரிவு கேட்கவில்லை போலிருக்கிறது. உங்களிடம் கடைப் பிரிவு இல்லை, ஆனால் போஸ்டர் ஒட்டுபவர் இருப்பார். அவருக்கும் சேர்த்துச் சொல்லி வையுங்கள்.

யாரிடம் கேட்பது என்றீர்கள். 'பாலினீசியர்கள்' என்று ஒரே அலுவலகம் கிடையாது. ராயாத்தேயா, தஹிதிக் காட்சிகளுக்கு அங்குள்ளவர்கள். நியூசிலாந்துக் காட்சிகளுக்கு எந்தக் கரையில் நடக்கிறதோ அந்தக் கரைக்குரிய குலத்தார். நியூசிலாந்தின் கிழக்குக் கரையில், கிஸ்போர்னில் எண்டெவர் ஆட்கள் இறங்கிய சில நாட்களுக்குள்ளேயே மாவோரியர் பலர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். முதலில் இறந்தவர் பெயர் தே மாரோ. அவர் வழிவந்தவர்கள் இன்றும் அங்கே இருக்கிறார்கள். 2019இல், 250 ஆண்டு நிறைவின்போது, பிரிட்டிஷ் தூதர் நேரில் போய் அந்தச் சாவுகளுக்கு வருத்தம் தெரிவித்தார். அதே நிகழ்ச்சிக்கு தஹிதியிலிருந்து ஃபாஃபாயித்தே என்ற படகு கடல் கடந்து வந்தது. எண்டெவரின் மாதிரிக் கப்பலை மட்டும் வடக்கே ஒரு துறைக்குள் வரவேண்டாம் என்று அங்குள்ள குலத்தார் சொல்லிவிட்டார்கள். கிஸ்போர்னுக்கு வடக்கே உவாவாவில் துப்பாயா தங்கிய குகை என்று ஒன்றைக் காட்டுவார்கள். அவர்களுக்கு அவர் விருந்தாளி. நீங்கள் எழுதும் துப்பாயாவைப் பார்க்க அவர்கள் ஆர்வமாக இருப்பார்கள் என்றே நினைக்கிறேன், கடைசி நிமிடத்தில் கையெழுத்துக் கேட்டு வராமல் இருந்தால்.

உரிமை பற்றியும் கேட்டீர்கள். என் மகள் பள்ளியில் பெற்றோர் தங்களை அறிமுகப்படுத்திக்கொள்ளும்போது என் மலை இது, என் ஆறு இது என்று மாவோரி முறைப்படி தொடங்கச் சொன்னார்கள். எனக்கு முன் பேசிய ஒருவர் ஆக்லாந்தில் உள்ள குன்றின் பெயரைத் தம்முடையது என்று சொல்ல, ஆசிரியை மெதுவாகத் திருத்தினார்: அது இங்குள்ள குலத்தாருடையது, நீங்கள் பிறந்த இடத்து மலையைச் சொல்லுங்கள். நான் கிருஷ்ணகிரிக் கோட்டை மலையையும் தென்பெண்ணையையும் சொன்னேன். எல்லாரும் கேட்டுக்கொண்டார்கள். நீங்கள் எழுதலாம் தம்பி. பாலக்கோட்டிலிருந்து எழுதுகிறேன் என்று சொல்லிவிட்டு எழுதுங்கள்.

பென்னாகரம் கூத்துக்காரர் எழுதியது:

எனக்குக் கடல் தெரியாது. படப்பிடிப்புக்காரர்களைத் தெரியும்.

எங்கள் குடும்பம் மூன்று தலைமுறையாகப் பாரதக் கூத்து ஆடுகிறது. திரௌபதி அம்மன் கோயிலில் கொடியேற்றி, பதினெட்டாம் நாள் படுகளம் வரைக்கும் ஊர் விரதத்தில் இருக்கும். சில வருடங்களுக்கு முன் ஒரு படக்குழு வந்தது. பெரியப்பாதான் அப்போது வாத்தியார். காலை பதினொரு மணிக்குப் படுகளத்தில் துரியோதனன் விழுவதை மட்டும் ஆடிக் காட்டச் சொன்னார்கள். காப்புக் கட்டவில்லை, அம்மனுக்குப் பூசையில்லை. வெளிச்சம் நன்றாக இருக்கிறதாம். பெரியப்பா மாட்டேன் என்றார். கூலியை ஏற்றிச் சொன்னார்கள். அப்போதும் மாட்டேன் என்றார். பிறகு யாரோ இரண்டு துணை நடிகர்களுக்கு எங்கள் கிரீடத்தையும் புஜக்கட்டையையும் வாடகைக்குக் கேட்டார்கள். படம் வந்தபோது பார்த்தோம். கிரீடம் தலைகீழாக இருந்தது. பின்னணியில் யாரோ சாராயம் குடித்துக்கொண்டிருந்தார்கள். தருமபுரி என்றால் குடிக்க வேண்டும், இல்லாவிட்டால் வெடித்த வயலில் நிற்க வேண்டும் என்று யார் எழுதி வைத்தார்களோ.

அதே பெரியப்பா, இன்னொரு முறை ஒரு கல்லூரி மாணவி வந்து பதினெட்டு நாளும் கொட்டகையில் உட்கார்ந்து அரிதாரம் பூசுவதைப் பார்த்தபோது, அரவான் களப்பலிக்கு முன் சொல்லும் வரிகளைக்கூடச் சொல்லிக்கொடுத்தார். அதில் இதை வெளியே எழுதாதே என்றும் சிலவற்றைச் சொன்னார். அந்தப் பெண் எழுதவில்லை.

கடாரங்கொண்டான் ஐயா, அனுமதி என்றால் மனு இல்லை. உட்கார நேரம் இருக்கிறதா என்று பார்ப்பது.

கடாரங்கொண்டான் எழுதியது:

கூத்துக்காரர் சொன்னதற்கு மறுபேச்சு இல்லை. கிரீடத்தைத் தலைகீழாக வைத்தவனை நானே அடிப்பேன். ஆனால் பாலக்கோட்டுத் தம்பி தக்காளி மண்டியில் வேலை செய்கிறார். ராயாத்தேயா போய்ப் பதினெட்டு நாள் உட்காரப் பணம் யார் தருவார்? தயாரிப்பாளருக்குக் கணக்குப்பிள்ளைப் பாத்திரம் பிடிக்குமா? கத்தி இல்லை, காதல் இல்லை, கடையில் உட்கார்ந்து பார்க்கிறான். இதற்கு யார் பணம் போடுவார்கள்?

பாலக்கோட்டுக் கதைக்காரன் எழுதியது:

எல்லாருக்கும் நன்றி. நேற்று மண்டியில் லாரி வராததால் எல்லாவற்றையும் நிதானமாகப் படிக்க முடிந்தது. விலை படுத்துவிட்டதால் வரவில்லை. அது வேறு கதை.

டீச்சர் அம்மா, கணக்குப்பிள்ளையைப் பிடித்துக்கொண்டேன். என் தொழிலே அதுதானே. இப்போது தொடரை ராயாத்தேயாவில் தொடங்காமல் பட்டாவியாவில் தொடங்குகிறேன். துணிக்கடைக் கணக்குப்பிள்ளை ஒருவர், பெயர் இன்னும் வைக்கவில்லை, நாகூர்ப் பக்கத்தவர். வெள்ளைக்காரக் கப்பலில் வந்த ஒரு பெரியவர் கடைக்கு வந்து துணியைத் தடவிப் பார்க்கிறார். பேச்சு புரியாது. கூட வந்த சிறுவன் தெருவில் எதைக் கண்டாலும் துள்ளுகிறான். கணக்குப்பிள்ளைக்கு அவர் யார் என்று தெரியாது, கண்டவர்களிடம் விசாரிக்கிறார். மாலுமி ஒருவன் ஒன்று சொல்கிறான், டச்சு அதிகாரி இன்னொன்று சொல்கிறார், பேங்க்ஸின் வேலையாள் மூன்றாவதைச் சொல்கிறான். எல்லாம் துப்பாயாவை வெளியிலிருந்து பார்ப்பவை. நம்மிடம் எழுத்தில் இருப்பதும் அதுதான். குக்கும் பேங்க்ஸும் எழுதியவைதான் பெரும்பாலும். துப்பாயா தம் கையால் வரைந்தவை சில இருக்கின்றன. ஒரு மாவோரி ஆள் சிங்கி இறாலைக் கொடுத்து பேங்க்ஸிடம் துணி வாங்கும் ஓவியம் அவர் வரைந்தது என்பது 1997இல்தான் உறுதியானது. அதுவரை பெயர் தெரியாத ஐரோப்பியர் ஒருவர் கணக்கில் இருந்தது. நான்காம் பகுதி முழுவதும் அந்த ஓவியம் வரையப்படுவது மட்டும்தான். அதில் கணக்குப்பிள்ளை கிடையாது, பேங்க்ஸும் பேச மாட்டார்.

துப்பாயா வானத்தைப் படிக்கும் காட்சிகளை நான் எழுதப்போவதில்லை. எழுத வேண்டிய இடத்தில் வெற்றுத்தாள் விட்டிருக்கிறேன். அந்தப் பக்கங்களை எழுத ராயாத்தேயாவிலிருந்தோ தஹிதியிலிருந்தோ ஒருவர் வேண்டும், எழுத்தாளர் என்ற பெயரோடு, சம்பளத்தோடு. ஆலோசகர் என்று கடைசியில் ஓடும் பட்டியலில் போடுவதாக இல்லை.

கடாரங்கொண்டான் அண்ணா கேட்டது நியாயமான கேள்வி. தயாரிப்பாளரிடம் நேற்றிரவே பேசினேன். ஹாக்கா சட்டத்தைச் சொன்னதும் அதை உடனே விட்டுவிட்டார், வழக்கு என்றால் அவருக்குப் பயம். பச்சையையும் பாதி விட்டுவிட்டார். தமிழ் மாலுமியை விடவில்லை. "கணக்குப்பிள்ளையைக் கப்பலில் ஏற்றிவிடு" என்கிறார். ஏற்ற மாட்டேன் என்று சொல்லியிருக்கிறேன். ஏற்றித்தான் ஆக வேண்டும் என்றால், தொடரை விட்டுவிட்டு இதையே ஒலி நாடகமாக எழுதுவேன். குரலுக்குப் பச்சை வரைய முடியாது, அந்த மட்டில் செலவும் மிச்சம். பென்னாகரம் அண்ணா சம்மதித்தால் உங்கள் குழுவிலிருந்து ஒருவர் கணக்குப்பிள்ளைக்குக் குரல் கொடுக்க வேண்டும். கட்டியங்காரன் மாதிரி கதையை இழுத்துச் செல்லும் குரல் எனக்கு வேறெங்கும் கிடைக்காது. சம்பளம் உண்டு. குறைவு.

ஆக்லாந்து அக்காவிடம் ஒன்று கேட்க வேண்டும். முதல் கடிதத்தில் என்ன எழுதுவது? முழுத் திரைக்கதையையும் அனுப்பலாமா?

பென்னாகரம் கூத்துக்காரர் எழுதியது:

ஆடி மாதம் வரை கூத்து இருக்கிறது. அதற்குப் பிறகு வாருங்கள்.

காவேரிப்பட்டணம்–ஆக்லாந்து எழுதியது:

முழுத் திரைக்கதையை முதலில் அனுப்பாதீர்கள். எல்லாம் முடித்துவிட்டுத் தலையாட்டச் சொல்கிறான் என்றுதான் நினைப்பார்கள். ஒரு பக்கம் போதும். நீங்கள் யார், எந்த ஊர், துப்பாயாவை எப்படித் தெரிந்துகொண்டீர்கள் என்று தொடங்குங்கள். மண்டி வேலையை மறைக்க வேண்டாம். கதையை நாலு வரியில் சொல்லுங்கள். வெற்றுத்தாள் விட்டிருக்கும் பக்கங்களைப் பற்றிச் சொல்லுங்கள். வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் எந்தப் பகுதியை எடுத்துவிடத் தயார் என்பதையும் இப்போதே யோசித்து எழுதிவிடுங்கள், பிறகு எழுத மனம் வராது. பதில் வரத் தாமதமானால் நினைவூட்டிக்கொண்டே இருக்காதீர்கள். அவர்களும் வேலைக்குப் போகிறவர்கள்தான். தஹிதிக்குப் போகும் கடிதம் பிரெஞ்சில் இருந்தால் நல்லது. என்னோடு வேலை செய்யும் ஒருவருக்குப் பிரெஞ்சு தெரியும், எழுதி அனுப்பினால் பார்த்துத் தரச் சொல்கிறேன்.

சம்பளம் எவ்வளவு என்று எண்ணில் எழுதுங்கள். குறைவாக இருந்தாலும் பரவாயில்லை.